காலடிச் சத்தத்தில் போன இருபத்தைந்து வருடம் – கடிதம்

அன்புள்ள சார்,

போன மாதம் வேறு எதையோ எழுதும்போது நடுவில் நிக்கோலா பெக்கர் என்கிற பிரெஞ்சு ஒலி வடிவமைப்பாளரைப் பற்றி நாலு வரி சொல்லியிருந்தீர்கள். அதைப் படித்துவிட்டு அவர் ஒலி வடிவமைத்த ‘சவுண்ட் ஆஃப் மெட்டல்’ படம் பார்த்தேன். கோவையிலிருந்து சென்னைக்கு இரவுப் பேருந்தில், ஃபோனில். நான் ஒலித்தொகுப்பு வேலை செய்பவன். வயது 26. குறும்படம், விளம்பரம், யூட்யூப் தொடர் என்று கிடைப்பதையெல்லாம் செய்கிறேன். எந்த இயக்குநரிடம் போனாலும் “ஆர்.ஆர். வந்தா எல்லாம் மூடிரும் ப்ரோ, சும்மா ரெண்டு லேயர் போட்டு அனுப்புங்க” என்பதுதான் பதில்.

பெக்கரைப் பற்றித் தேடினேன். ஆள் 90-களிலிருந்து ஃபோலி ஆர்ட்டிஸ்ட். காலடிச் சத்தம், துணி உரசும் சத்தம் போடுகிறவர். ஆஸ்கர் வாங்கியது 2021-இல். இருபத்தைந்து வருடம் காலடிச் சத்தத்திலேயே போய்விட்டதே, முன்னாலேயே டிசைனுக்கு வந்திருந்தால் எவ்வளவு செய்திருப்பார் என்று தோன்றியது. படத்தில் மௌனத்தை அழகாகப் பயன்படுத்தியிருக்கிறார். மற்றபடி காது கேட்காத காட்சிகளெல்லாம் சாஃப்ட்வேரில் ஒரு ஃபில்டர் போட்டால் வந்துவிடும் என்று நினைக்கிறேன். நானே ஒரு மணி நேரத்தில் செய்து பார்த்தேன், கிட்டத்தட்ட வந்தது. ஒரு ப்ளக்-இன் தொகுப்பு (ஒலித்தொகுப்பு சாஃப்ட்வேரோடு சேர்த்துக்கொள்கிற துணைக் கருவிகள்) வாங்கலாமா என்று யோசிக்கிறேன். என் இரண்டு மாத வருமானம் அது. நீங்கள் என்ன சொல்கிறீர்கள்?

என் குறும்படத்தின் சுட்டியை இணைத்திருக்கிறேன்.

ஆர்.கே., கோவை

அன்புள்ள ஆர்.கே.,

ஒலியைப் பற்றிய ஒரு படத்தை ஓடும் பேருந்தில் ஃபோனில் பார்த்துவிட்டு, அதை மறைக்காமல் எழுதியும் இருக்கிறீர்களே, அதற்காகவே உடனே பதில் போடத் தோன்றியது. நான் ஒலித்துறை ஆள் இல்லை. கேட்பவன், அதைப் பற்றிக் கிடைப்பதைப் படிப்பவன், அவ்வளவுதான். ஆகவே ப்ளக்-இன் விஷயத்தில் என் பேச்சைக் கேட்டு நஷ்டப்பட்டால் நான் பொறுப்பில்லை. ஆனால் ‘இருபத்தைந்து வருடம் காலடிச் சத்தத்திலேயே போய்விட்டதே’ என்கிறீர்களே, அந்த இடத்தில் உங்களோடு கொஞ்சம் சண்டை போட வேண்டியிருக்கிறது.

முதலில் உங்கள் இயக்குநர்களுக்காக ஒரு வார்த்தை. பின்னணி இசைக்கு நம் சினிமாவில் ‘ஆர்.ஆர்.’ என்று பெயர் வைத்திருக்கிறோம். ரீரெக்கார்டிங் என்றால் உண்மையில் பேச்சு, சத்தம், இசை மூன்றையும் ஒன்றாகக் கலந்து பதிவு செய்கிற வேலை. மூன்றில் இசை மட்டும் அந்தப் பெயரை எடுத்துக்கொண்டு போய்விட்டது, மற்ற இரண்டும் பேர் தெரியாமல் நிற்கின்றன. பெயரிலேயே இப்படி என்றால் அவர்கள் “மூடிரும் ப்ரோ” என்று சொல்வதில் ஆச்சரியப்பட ஒன்றும் இல்லை.

பிரான்சில் ஃபோலி கலைஞருக்கு ‘ப்ரூய்த்தர்’ என்று பெயர். ‘ப்ரூயி’ என்றால் சத்தம். நம் வழக்கில் சொன்னால் சத்தக்காரர். பெக்கர் 1970-இல் பிறந்தவர், இருபதுகளில் இந்த வேலைக்கு வந்துவிட்டார். 1995-இல் வந்த ‘லா ஏன்’ படத்தின் சத்தக்காரர்களில் அவர் உண்டு. பாரிஸின் புறநகர்க் குடியிருப்பில் மூன்று இளைஞர்கள் ஒரு நாள் முழுக்கச் சுற்றித் திரிகிற கறுப்பு வெள்ளைப் படம். நடை, நடை, நடைதான் படம் முழுக்க. இருபத்தைந்து வயது சத்தக்காரனுக்கு அதைவிட நல்ல பள்ளிக்கூடம் கிடைத்திருக்காது.

இந்த வேலை எப்படி நடக்கும் என்று உங்களுக்குத் தெரிந்திருக்கும், ஆனால் படிக்கிற மற்றவர்களுக்காகச் சொல்கிறேன். இருட்டான ஒரு கூடம். தரையில் சதுரம் சதுரமாக மரப்பலகை, சிமெண்ட், ஓடு, சரளை, மணல். எதிரே திரை. சத்தக்காரர் ஏதோ ஒரு ஜோடிச் செருப்பைப் போட்டுக்கொண்டு, சதுரத்துக்குள் நின்ற இடத்திலேயே நடப்பார். திரையில் நடப்பவரின் காலை அவர் பார்க்க மாட்டார். பாதி ஷாட்டில் கால் இருக்கவும் இருக்காது. அவர் பார்ப்பது தோளை. தோள் எப்படி இறங்குகிறதோ அதை வைத்துத்தான் எடை எந்தக் காலில் விழுகிறது என்று தெரியும். ஒரு ஆள் காலையில் வேலைக்குக் கிளம்பும்போது நடப்பதும், அதே ஆள் அதே செருப்பில் அதே தரையில் மருத்துவமனைச் சேதி கேட்டுவிட்டு நடப்பதும் ஒரே சத்தம் இல்லை. இரண்டாவதில் குதிகால் கொஞ்சம் தாமதமாக விழும். அந்தத் தாமதத்தைத் தன் முழங்காலில் கொண்டுவரத் தெரிந்தவருக்குத்தான் அங்கே வேலை. பனியில் நடக்கிற சத்தத்துக்கு மக்காச்சோள மாவைத் தோல் பையில் கட்டி அழுத்துவார்கள், எலும்பு முறிவதற்குச் செலரித் தண்டை முறிப்பார்கள், பறவைச் சிறகுக்குத் தோல் கையுறையைப் படபடவென்று அடிப்பார்கள். இந்த மாதிரி வித்தைகளைச் சொன்னால் கேட்பவர்களுக்கு வேடிக்கையாக இருக்கும், ஆனால் வேலையின் சாரம் அதில் இல்லை. சத்தக்காரர் நடிகர்தான். முகம் இல்லாத நடிகர். தன் உடம்பை வைத்து இன்னொருவர் உடம்புக்கு எடை கொடுப்பவர்.

பிரான்ஸ் இதற்குத் தோதான ஊர் என்பதையும் சொல்லிவிடுகிறேன். 1948-இல் பியர் ஷேஃபர் என்கிற வானொலிப் பொறியாளர் பாரிஸின் பாத்திஞோல் நிலையத்துக்குப் போய் ரயில் எஞ்சின்களின் சத்தத்தைப் பதிவு செய்து, அதை வெட்டி ஒட்டி, ‘சத்தங்களின் பயிற்சி’ என்று வானொலியில் ஒலிபரப்பினார். இசைக்கருவி ஒன்றுகூட இல்லாமல் ரயில்களை மட்டும் வைத்து ஒன்று. அதற்கு எட்டு வருடம் கழித்து இயக்குநர் ப்ரெஸ்ஸோன் எடுத்த சிறையிலிருந்து தப்பிக்கிற படத்தில் நாம் சிறையை முழுசாகப் பார்ப்பதே இல்லை. கரண்டியைத் தீட்டி அதை வைத்துக் கதவுப் பலகையைச் சுரண்டுகிற சத்தம், மாடிப்படிக் கம்பியில் காவலாளி சாவியை இழுத்துக்கொண்டு வருகிற சத்தம், எங்கோ ரயில். அவ்வளவில் சிறை முழுக்க நம் தலைக்குள் எழுந்து நின்றுவிடும். அப்புறம் ழாக் தாத்தி, நகைச்சுவைப் பட இயக்குநர். 1967-இல் வந்த ‘ப்ளேடைம்’ படத்தில் ஒரு அலுவலகத் தாழ்வாரம் உண்டு. அதன் கடைசியிலிருந்து ஒரு அதிகாரி நடந்து வருகிறார், டக் டக் டக் என்று, வருகிறார், வருகிறார், வந்துகொண்டே இருக்கிறார். காலடிச் சத்தத்தை மட்டும் வைத்து ஒரு நகைச்சுவைக் காட்சி. அதே கட்டடத்தின் காத்திருப்பறை நாற்காலிகள் உட்கார்ந்து எழுந்தால் பெருமூச்சு விடும். இந்தப் படங்களை எல்லாம் பார்த்து வளர்கிற ஊரில், காலடி போடுகிறவன் கீழ்த்தட்டு ஆள், டிசைனர் மேல்தட்டு ஆள் என்ற எண்ணம் அவ்வளவு சுலபத்தில் வராது. உங்கள் வேலைக்கும் அங்கே தனிப் பெயர் உண்டு, ‘மோந்தர் சோன்’. அவர்களுடைய சினிமா விருதான சேசரில் ஒலிக்கான பரிசை வழக்கமாகப் படப்பிடிப்பில் பதிவு செய்தவர், தொகுத்தவர், கலந்தவர் எல்லாருக்கும் சேர்த்துத்தான் கொடுப்பார்கள். அந்தப் பரிசு 1976-இல், முதல் விழாவிலேயே இருந்தது.

சரி, பெக்கருக்கு வருவோம். அவர் பெயர் எனக்கு முதலில் தட்டுப்பட்டது ‘கிராவிட்டி’ சமயத்தில், 2013. அந்தப் படத்தின் ஒலிக்குத் தலைமை வகித்தவர் க்ளென் ஃப்ரீமேண்டில், ஆங்கிலேயர். பெக்கர் அவருடைய குழுவில் ஒருவர். விண்வெளியில் காற்று இல்லை, ஆகவே சத்தமும் இல்லை. இது பள்ளிப் பாடம். மற்ற விண்வெளிப் படங்கள் இதைக் கண்டுகொள்ளாமல் டமால் டுமீல் என்று வெடிக்கவிடும். ‘கிராவிட்டி’க்காரர்கள் அந்தப் பாடத்தை அப்படியே எடுத்துக்கொண்டார்கள். அப்படியானால் படம் ஊமைப்படமாகிவிடாதா? ஆகாது. ஏனென்றால் சத்தம் காற்றில் மட்டும் வருவதில்லை. சாண்ட்ரா புல்லக் கையுறை போட்ட கையால் ஒரு திருகியைப் பிடித்தால், அதன் அதிர்வு கையுறை வழியாக, எலும்பு வழியாக, அவர் போட்டிருக்கிற உடைக்குள்ளே இருக்கிற காற்று வழியாக அவருக்குக் கேட்கும். கையை எடுத்துவிட்டால் கேட்காது. பக்கத்திலேயே ஒரு விண்கலம் சிதறினாலும் அவர் எதையும் தொட்டுக்கொண்டிருக்கவில்லை என்றால் ஒன்றும் கேட்காது. இதைச் செய்ய அவர்கள் காற்றில் வைக்கிற மைக்கை விட்டுவிட்டு, பொருளின் மேலேயே ஒட்டுகிற காண்டாக்ட் மைக்குகளை வைத்துப் பதிவு செய்தார்கள். சத்தத்தின் மேல்பகுதி எல்லாம் போய், அடியில் ஒரு முனகல் மட்டும் மிஞ்சும், பக்கத்து வீட்டுக்காரர் சுவரில் ஆணி அடிக்கும்போது நாம் தலையணையில் காது வைத்துப் படுத்திருந்தால் கேட்குமே, அந்த மாதிரி.

இந்த யோசனைக்கு யார் பொருத்தமான ஆள் என்று பாருங்கள். தொட்டால் என்ன ஆகும், எந்தப் பொருள் எந்தப் பொருளில் பட்டால் அதிர்வு எப்படி ஓடும் என்று இருபது வருடமாக உடம்பால் செய்து பழகியவர். அதைத்தான் சொல்ல வந்தேன். பெக்கர் காலடியை விட்டுவிட்டு டிசைனுக்குப் போகவில்லை. காலடிக்காரரின் கேள்வியையே கையோடு எடுத்துக்கொண்டு போனார். இந்தச் சத்தம் காதுக்கு வந்து சேர்வது எதன் வழியாக? காற்றா, இரும்பா, எலும்பா? அவர் வேலை செய்த படங்களில் எனக்குத் தெரிந்தவற்றை வரிசையாக வைத்துக் கேட்டால் இந்த ஒரே கேள்வியைத்தான் திரும்பத் திரும்பக் கேட்டுக்கொண்டிருக்கிறார்.

‘சவுண்ட் ஆஃப் மெட்டல்’ கதையைப் பார்க்காதவர்களுக்கு இரண்டு வரி: ரூபன் என்கிற மெட்டல் இசை ட்ரம்மர். காதலியோடு ஏர்ஸ்ட்ரீம் என்கிற ஒரு வீட்டு வண்டியிலேயே வாழ்ந்துகொண்டு ஊர் ஊராகக் கச்சேரி செய்பவன். திடீரென்று கேட்கும் திறன் போய்விடுகிறது. காது கேளாதோர் சேர்ந்து வாழும் ஒரு இடத்தில் கொஞ்ச காலம் இருக்கிறான், பிறகு எல்லாவற்றையும் விற்று காக்ளியர் இம்ப்ளாண்ட், அதாவது அறுவை சிகிச்சை செய்து உள்காதில் பொருத்துகிற கருவி, வைத்துக்கொள்கிறான். ரிஸ் அகமது நடித்தது, இயக்கம் டேரியஸ் மார்டர். படப்பிடிப்புக்கு முன்பே பெக்கர் மார்டரை எதிரொலியே இல்லாத ஓர் அறைக்கு அழைத்துப் போனார். சுவர், கூரை, தரை எல்லாம் நுரைக்கூம்புகளால் மூடிய, வெளிச்சத்தம் சுத்தமாக வராத அறை. அந்த மாதிரி அறையில் விளக்கையும் அணைத்துவிட்டுக் கொஞ்ச நேரம் இருந்தால் ஒன்றும் கேட்காமல் இருக்காது. உங்கள் இதயம் கேட்கும். எச்சில் விழுங்குவது கேட்கும். கழுத்தைத் திருப்பினால் நரம்போ எலும்போ நறநறவென்று கேட்கும். இயக்குநருக்கு இதைச் சொல்லிப் புரியவைப்பதைவிட உள்ளே தள்ளிக் கதவைச் சாத்திவிடுவது மேல் என்று நினைத்திருக்கிறார். நல்ல சத்தக்காரரின் புத்தி.

அதனால்தான் நீங்கள் ‘மௌனம்’ என்றதை நான் ஒப்புக்கொள்ளவில்லை. அந்தப் படத்தில் நீங்கள் மௌனம் என்று நினைத்த பல இடங்களில் மௌனம் இல்லை. அடியில் ஒரு உறுமல், மூச்சு, தாடை அசைவது, ரத்தம் ஓடுகிற மாதிரி ஒரு இரைச்சல், எல்லாம் இருக்கிறது. பேருந்து எஞ்சினுக்கு மேலே உங்கள் ஃபோனால் அதைக் காட்ட முடியவில்லை, பாவம். இதற்காக ரிஸ் அகமதின் உடம்பிலேயே மைக் வைத்தார்கள். மருத்துவரின் ஸ்டெதஸ்கோப் மாதிரி உடம்பில் ஒட்டுகிற மைக்குகள், வாய்க்குள்ளே ஒரு சின்ன மைக்கும்கூட. ஒரு உடம்பு உள்ளேயிருந்து எப்படிக் கேட்கும் என்று ஒரு ஒலிச் சேமிப்பையே உருவாக்கிக்கொண்டார்கள். நீங்கள் ஒரு மணி நேரத்தில் ஃபில்டர் போட்டுச் செய்ததும் இதுவும் ‘கிட்டத்தட்ட’ ஒன்றுதான், சரி. ஆனால் ஃபில்டர் போட்டால் வெளிச்சத்தம் மங்கும், அவ்வளவுதான். உள்ளே இருக்கிற ஆளின் சத்தம் அதில் எங்கிருந்து வரும்? வெளி உலகம் அணையும்போது உடம்பு பெரிதாகக் கேட்க வேண்டும். அந்த இரண்டாவது பாதியை நீங்கள் செய்யவில்லை என்று நினைக்கிறேன்.

ஒரே ஒரு இடத்தைக் கொஞ்சம் கிட்டத்தில் போய்ப் பார்க்கலாம். படம் காது கிழியும் கச்சேரியில் ஆரம்பிக்கிறது. அடுத்த காலை வண்டிக்குள் ரூபன் எழுந்து உடற்பயிற்சி செய்கிறான், காப்பி சொட்டுச் சொட்டாக இறங்குகிறது, மிக்ஸியில் ஏதோ பச்சை நிறத்தில் அரைக்கிறான், இசைத்தட்டு போடுகிறான். ஒவ்வொன்றும் துல்லியமாகக் கேட்கும், கொஞ்சம் தேவைக்கு அதிகமாகவே. முதல் தடவை பார்க்கும்போது ‘என்னடா இது, காப்பிப் பொடி விளம்பரம் மாதிரி’ என்று எனக்குத் தோன்றியது. பிறகு காது போன காலையில் அதே வண்டி, அதே காப்பி, அதே மிக்ஸி. மிக்ஸி சுற்றுகிறது, சத்தம் இல்லை. அப்போதுதான் முந்தின காலை எதற்கு என்று புரிகிறது. நமக்குத் தெரியாமல் நம் காதில் ஒரு கணக்கு எழுதிவைத்திருக்கிறார்கள், இப்போது அதைத் திருப்பிக் கேட்கிறார்கள். இது இசையால் முடியாத வேலை, வசனத்தாலும் முடியாது. காப்பிச் சொட்டுக்கும் மிக்ஸிக்கும் மரியாதை கொடுக்கத் தெரிந்த ஒரு சத்தக்காரரால்தான் முடியும். ‘இருபத்தைந்து வருடம் போய்விட்டது’ என்றீர்களே, எங்கேயும் போகவில்லை, இந்த மிக்ஸிக்குள் இருக்கிறது.

இன்னொரு காட்சி, பூங்காவில் ஒரு சறுக்கு மரம். பெயர்தான் மரம், தகடு. காது கேளாத சிறுவன் அதன்மேல் சாய்ந்துகொண்டிருக்கிறான், ரூபன் தகட்டில் விரலால் தட்டுகிறான், பையன் திருப்பித் தட்டுகிறான். காற்றில் வராத தாளம் தகட்டில் வந்து சேர்கிறது. ‘கிராவிட்டி’யில் பார்த்த அதே விஷயம், இந்த முறை பூமியில், ஒரு பையனின் முதுகில்.

இம்ப்ளாண்ட் பகுதிக்கு வரும்போது என் சொந்தக் கதை ஒன்று குறுக்கே வருகிறது. அப்பாவுக்கு எழுபத்தாறு வயதில் காது மெஷின் வாங்கிக் கொடுத்தோம். இம்ப்ளாண்ட் இல்லை, சாதாரணக் காது மெஷின், இரண்டும் வேறு வேறு. போட்ட அன்று சாயங்காலம் அம்மா டம்ளரில் ஸ்பூனைப் போட்டாள். அப்பா அப்படியே தலையைப் பிடித்துக்கொண்டார். “மண்டைக்குள்ள ஆணி அடிக்கிற மாதிரி இருக்குடா” என்றார். என்னைப் பார்த்து, “நீ டப்பாக்குள்ளேருந்து பேசறே” என்றார். விற்றவர்கள் இதையெல்லாம் முன்கூட்டிச் சொல்லவில்லை. பழகுவதற்கு வாரக்கணக்கில் ஆகும் என்று ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் அவர் அதைக் கழற்றி அலமாரியில் வைத்திருக்க மாட்டார் என்று இப்போதும் நினைத்துக்கொள்வேன். நாங்கள் அவர் பிடிவாதம் என்றோம். இரண்டு வருடம் கழித்து இந்தப் படத்தில் ரூபனின் கருவிக்கு உயிர் கொடுக்கிற காட்சியில், அந்த மருத்துவப் பெண்ணின் குரல் தகரத்தை இழுக்கிற மாதிரி கேட்டபோதுதான் அப்பா சொன்ன டப்பா எனக்குக் கேட்டது. படத்தை நிறுத்திவிட்டேன். அன்றைக்கு மீதியைப் பார்க்கவில்லை.

அந்தத் தகரச் சத்தம் எப்படி வந்தது என்பதில் உங்கள் சாஃப்ட்வேர் வாதத்துக்கு இடம் இருக்கிறது, மறுக்கவில்லை. நம் உள்காதில் சத்தத்தைப் பிடித்து மூளைக்கு அனுப்புகிற மயிர்ச் செல்கள் கிட்டத்தட்ட 3,500 இருக்கின்றன. இம்ப்ளாண்ட் கருவியில் அந்த இடத்தில் இருப்பவை 12 முதல் 22 மின்முனைகள். ஒரு முழு ஆர்மோனியத்தை எடுத்துவிட்டு இருபது கட்டைகளை மட்டும் கொடுத்து அதே பாட்டை வாசி என்றால் எப்படியோ, அப்படி. பெக்கர் இதற்குப் பாரிஸில் இருக்கிற இர்க்காம் என்கிற ஆய்வு நிறுவனத்தில் உருவான மென்பொருள்களைப் பயன்படுத்தினார். இசையமைப்பாளர் பியர் பூலே தொடங்கி 1977-இல் பொம்பிடு மையத்தின் பக்கத்தில் திறந்த இடம் அது, இசையும் அறிவியலும் சேர்ந்து உட்காருகிற இடம். ஒரு சத்தத்தை எடுத்து அதில் சுருதியாக இருக்கிற பகுதி, இரைச்சலாக இருக்கிற பகுதி, சட்டென்று அடிக்கிற முதல் தட்டாக இருக்கிற பகுதி என்று பிரித்து, பிறகு தப்பான அளவில் திரும்ப ஒட்டுவது. ஆக, சாஃப்ட்வேர் உண்டு. ஆனால் என்ன கேட்க வேண்டும் என்று தெரிந்த பிறகு வந்த சாஃப்ட்வேர் அது. வாங்கிவிட்டு என்ன செய்யலாம் என்று தேடுவது வேறு.

ஒரு குறையையும் சொல்லிவிடுகிறேன். இம்ப்ளாண்ட் வைத்துக்கொண்டவர்கள் சிலர் இந்தப் படத்தின் மேல் வருத்தப்பட்டார்கள். முதல் நாள் அப்படித்தான் கேட்கும், ஆனால் மாதங்கள் போகப் போக மூளை கற்றுக்கொள்கிறது, பலருக்குப் பேச்சு இயல்பாகவே கேட்க ஆரம்பிக்கிறது, படம் அந்த இடத்துக்குப் போகாமல் நின்றுவிடுகிறது என்று. நியாயம்தான். ரூபனின் கதைக்கு அந்த முடிவு தேவைப்பட்டது, ஆனால் இதைப் பார்த்துவிட்டு ஒரு குடும்பம் தன் குழந்தைக்கு இம்ப்ளாண்ட் வேண்டாம் என்று முடிவெடுத்தால் அது சங்கடம். தெரிந்தவர்கள் யாராவது அப்படி யோசித்தால் படத்தை விட்டுவிட்டு மருத்துவரிடம் பேசச் சொல்லுங்கள்.

பெக்கர் இந்தப் படத்துக்கு இசையும் அமைத்தார், இயக்குநரின் தம்பி ஏப்ரகாம் மார்டரோடு சேர்ந்து. எங்கே சத்தம் முடிகிறது எங்கே இசை தொடங்குகிறது என்று பிரிக்க முடியாதபடி இருக்கும். ஆர்.ஆர். வந்து மூடவில்லை, ஆர்.ஆர். போட்டவரும் சத்தம் போட்டவரும் ஒரே ஆள். இறுதி வேலை நடந்தது மெக்சிகோவில், தெபோஸ்த்லான் என்கிற மலையூரில், இயக்குநர் கார்லோஸ் ரெய்காதாஸின் ஸ்டூடியோவில். ஆஸ்கரை அவர் தனியாக வாங்கவில்லை என்பதையும் குறித்துக்கொள்ளுங்கள். ஹைமே பக்ஷ்ட், மிஷெல் கூட்டோலெங்க், கார்லோஸ் கோர்டெஸ் என்று மூன்று மெக்சிகோக்காரர்கள், படப்பிடிப்பில் பதிவு செய்த பிலிப் பிளாத், இவர்களோடு ஐந்தாவது ஆள் பெக்கர். அதுவரை ஒலித்தொகுப்புக்கு ஒன்று, ஒலிக்கலவைக்கு ஒன்று என்று இரண்டாக இருந்த ஆஸ்கர், ஒன்றாகச் சேர்க்கப்பட்ட முதல் வருடம் அது. பதிவு, தொகுப்பு, கலவை எது எங்கே முடிகிறது என்று தெரியாத ஒரு படத்துக்கு அந்த வருடம் பரிசு போனது தற்செயல்தான், ஆனால் பொருத்தமான தற்செயல்.

அப்புறமும் மனிதர் ஒரே இடத்தில் உட்காரவில்லை. இதற்கு முன்பே ஆண்ட்ரியா அர்னால்டின் ‘அமெரிக்கன் ஹனி’யில் வேலை செய்திருந்தார். பிறகு மெக்சிகோ இயக்குநர் இன்யாரித்துவின் ‘பார்டோ’. நடுநடுவே பிலிப் பாரெனோ மாதிரியான கலைஞர்களோடு கலைக்கூடங்களுக்கும் ஒலி அமைக்கிறார், அங்கே திரையே இல்லை, நடந்து வருகிறவரின் உடம்புதான் திரை. ஒரு பட்டியல் போட்டு உங்களுக்கு அனுப்பலாம், ஆனால் பட்டியலால் என்ன பிரயோஜனம்.

ப்ளக்-இன் விஷயம். வாங்குவதா வேண்டாமா என்று நான் சொல்ல மாட்டேன். அதற்கு முன்னால் நூறு ரூபாய்க்குள் ஒன்று செய்து பாருங்கள். எலக்ட்ரானிக் சாமான் விற்கிற கடையில் பீசோ வட்டு என்று கேளுங்கள். பஸ்ஸரில் இருக்குமே, பித்தளை நிறத்தில் ஒரு ரூபாய்க் காசு மாதிரி. சென்னை வந்தால் ரிச்சி தெருவில் பத்து இருபது ரூபாய்க்குக் கிடைக்கும். அதில் ஒரு வயரைப் பற்றவைத்து, மறுமுனையில் ஜாக் வைத்து, உங்கள் ரெக்கார்டரில் சொருகுங்கள், காண்டாக்ட் மைக் தயார். சத்தம் மெலிந்துதான் வரும், அடிச்சத்தம் ஏறாது, அதற்கு ஒரு ப்ரீ-ஆம்ப் (மெலிந்த சத்தத்தைக் கூட்டித் தருகிற கருவி) வேண்டும், அதை உங்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை. நான் இதை ஒரு மழைநாளில் வீட்டு ஜன்னல் கம்பியில் டேப் போட்டு ஒட்டிக் கேட்டேன். மழை கேட்கவில்லை. கம்பியில் விழுகிற ஒவ்வொரு துளியும் தனித்தனியாக, யாரோ தந்தி அடிப்பது மாதிரி கேட்டது. தெருமுனையில் பேருந்து திரும்பியதும் கம்பி முனகத் தொடங்கியது, என் காதுக்கு அது வருவதற்கு முன்பே. கொஞ்ச நேரத்தில் மாடியில் குடியிருப்பவர் நடந்தார். வலது காலைக் கொஞ்சம் இழுத்து வைக்கிறார். ஆறு வருடமாக மேலே இருக்கிறார், எனக்குத் தெரியாது.

உங்கள் குறும்படச் சுட்டி திறக்கவில்லை, அனுமதி கேட்கிறது. சரிசெய்து மறுபடி அனுப்புங்கள். ஆர்.ஆர். சேர்க்காத பிரதி இருந்தால் அதையே அனுப்புங்கள்.